காலி செய்யச் சொல்லும் சட்டம்: பேராக்கின் தோட்ட வீடும் வாடகை வீடும்

(அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



அறக்கட்டளைச் சொற்பொழிவு என்றால் இலக்கியமோ சமயமோ இருக்கும் என்று எதிர்பார்த்து வருவது நம் வழக்கம். நான் வழக்கறிஞன், ஈப்போ நீதிமன்றப் படிகளில் ஏறி இறங்கியே நரைத்தவன். எனக்குத் தெரிந்ததைப் பேசுவதுதான் அவைக்கு மரியாதை. குடியிருக்கும் வீட்டிலிருந்து ஒரு குடும்பத்தைச் சட்டப்படி எப்படி இறக்குகிறார்கள் என்பதே இன்றைய பொருள்.

நான் சொல்ல வருவதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நம் நாட்டுச் சட்டம் வாடகைக்காரருக்கு வீட்டைக் காத்துத் தருவதில்லை. வீட்டை எப்படித் திரும்ப எடுக்க வேண்டும் என்ற முறையை மட்டும் காத்துத் தருகிறது. அந்த முறை தெரிந்தவருக்குச் சில மாத அவகாசம் கிடைக்கும், தன் பக்கத்தைச் சொல்ல ஓர் இடம் கிடைக்கும். தெரியாதவருக்கு எதுவும் கிடைக்காது. மூன்று தலைமுறையாகத் தோட்டத்து வீட்டில் இருந்துவிட்டு ஈப்போவின் தாமான் எனும் குடியிருப்புகளுக்கு வாடகைக்கு வந்த நம் மக்களில் பெரும்பாலோர் தெரியாதவர்களாகவே வந்தார்கள்.

1. எந்த உரிமையில் இருக்கிறீர்கள்?

வீட்டு வழக்கில் நீதிபதி முதலில் கேட்பது வயதையோ பிள்ளைகளின் எண்ணிக்கையையோ இல்லை. இவர் இங்கே எந்த உரிமையில் இருக்கிறார் என்று கேட்பார். மலேசியச் சட்டத்தில் அந்தக் கேள்விக்கு மூன்று பதில்கள் உண்டு.

முதலாமவர் வாடகைக்காரர். வாடகை கொடுத்து, வீட்டைத் தன் வசத்தில் வைத்திருப்பவர். ஒப்பந்தம் எழுத்தில் இருந்தாலும் வாய்ப்பேச்சில் இருந்தாலும் அவர் வாடகைக்காரர்தான். அவருக்கு உள்ள பெரிய காப்பு 1950ஆம் ஆண்டு ஸ்பெசிஃபிக் ரிலீஃப் சட்டத்தின் 7ஆம் பிரிவு, இரண்டாம் உட்பிரிவு. வாடகைக் காலம் முடிந்த பிறகும் ஒருவர் வீட்டில் இருந்தால், வீட்டுக்காரர் நீதிமன்றம் வழியாக மட்டுமே அவரை வெளியேற்றலாம் என்று அது சொல்கிறது. ஆறு மாத வாடகை பாக்கி இருந்தாலும் சரி, ஒப்பந்தம் என்றோ முடிந்திருந்தாலும் சரி, வீட்டுக்காரர் தாமே பூட்டை மாற்றக் கூடாது. சாமான்களைத் தெருவில் வைக்கக் கூடாது.

இரண்டாமவர் அனுமதியின் பேரில் இருப்பவர். உறவினர் வீட்டில் தங்கியவர், காவலுக்கு என்று வைக்கப்பட்டவர், முதலாளி கொடுத்த வீட்டில் இருக்கும் தொழிலாளி எல்லோரும் இதில் அடக்கம். அனுமதி கொடுத்தவர் அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டால், நியாயமான அவகாசத்துக்குப் பிறகு வெளியேற வேண்டியதுதான். மூன்றாமவர் யாருடைய அனுமதியும் இல்லாமல் குடியேறியவர். நாம் புறம்போக்குவாசி என்கிறோம். அவருக்குச் சட்டத்திலும் இடமில்லை, ஈக்குவிட்டி என்ற நியாயமுறையிலும் இடமில்லை என்று கூட்டரசு நீதிமன்றம் 1982இல் தீர்ப்பளித்தது. அந்த வழக்கு நம் மாநிலத்து வழக்கு. சிடேக் பின் ஹாஜி முகமட் எதிர் பேராக் அரசாங்கம் என்று இன்றுவரை எடுத்துக்காட்டுகிறார்கள்.

புறம்போக்குவாசியை வெளியேற்ற ஒரு குறுக்குவழி உண்டு. 2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளில் 89ஆம் ஆணை என்று அதற்குப் பெயர். சாட்சி விசாரணை இல்லாமல் சத்தியப் பிரமாணப் பத்திரங்களை வைத்தே முடித்துவிடலாம். அதனால் நில உரிமையாளரின் வழக்கறிஞர் எல்லோரையும் இந்த மூன்றாம் பெட்டிக்குள் தள்ளத்தான் பார்ப்பார். 1991இல் பொஹாரி பின் தாயிப் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு ஒரு வரம்பு கட்டியது. வெறும் அத்துமீறலாக வந்தவர்களுக்குத்தான் இந்தக் குறுக்குவழி. அனுமதியும் ஊக்கமும் பெற்றுக் குடியேறியதாகச் சொல்பவர்களின் வாதத்தை முறையாக விசாரிக்க வேண்டும் என்றது. தோட்டத்து மக்களுக்காக வாதாடியவர்கள் பற்றிக்கொண்ட கொழுகொம்புகளில் இந்தத் தீர்ப்பு முக்கியமானது.

2. தோட்ட வீடு

நம் பெற்றோர் இருந்த லயத்து வீட்டை இந்த மூன்றில் எதில் வைப்பது? அவர்கள் வாடகை கொடுக்கவில்லை. வீடு வேலையோடு வந்தது. விடியுமுன் பெரட்டு என்ற ஆள்கணக்கெடுப்புக்கு ஆள் வேண்டும், பால் வெட்ட ஆள் பக்கத்திலேயே இருக்க வேண்டும் என்பதற்காகத் தோட்ட நிர்வாகம் கட்டிய வீடு அது. சட்டத்தின் பார்வையில் அங்கே இருந்தவர் அனுமதியின் பேரில் இருந்தவர். வேலை முடிந்தால் அனுமதியும் முடிந்தது.

அந்த வீட்டைச் சுற்றி ஒரு குடும்பம் என்னென்ன சேர்த்துக்கொண்டது என்பது இங்கே பலருக்கும் தெரியும். முன்னால் பலகை அடித்து இறக்கிய தாழ்வாரம், பின்னால் முருங்கையும் வாழையும் மாட்டுக்கொட்டிலும், லயத்தின் கோடியில் சந்தா போட்டுக் கட்டிய மாரியம்மன் கோயில், அதற்கு அப்பால் ஆயாக்கொட்டகை, பள்ளிக்கூடம், இடுகாடு. இவற்றில் எதற்கும் தாள் இல்லை. தாழ்வாரம் போட யாரிடம் கேட்டீர்கள் என்று நீதிமன்றத்தில் கேட்டால், பெரிய கிராணியிடம் சொல்லிவிட்டுத்தான் போட்டோம் என்பார்கள். அந்தக் கிராணி எப்போதோ இறந்திருப்பார். கிராணியின் தலையாட்டலை எப்படிச் சாட்சியத்தில் சேர்ப்பது?

வீட்டை இழப்பது பேராக்கில் மூன்று அலைகளாக வந்தது. முதல் அலை 1950களின் பிற்பகுதி. வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்றன. வாங்கியவர்கள் துண்டுபோட்டுச் சிறு நிலங்களாக விற்றார்கள். துண்டாடல் என்று அந்தத் தலைமுறை சொன்னது இதைத்தான். வேலையும் வீடும் ஒரே நாளில் போயின. சுங்கை சிப்புட்டில் பிறந்த துன் வீ. தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியதற்குக் காரணம் இந்தத் துண்டாடல். தோட்டத்தைத் தொழிலாளிகளே பங்கு போட்டு வாங்கினால் யாரும் இறக்க முடியாது என்பது அவர் கணக்கு. வீட்டுரிமைக்கு நம் சமுதாயம் கண்டுபிடித்த மிகத் தெளிவான விடை அதுதான். ஆனால் விற்பனைக்கு வந்த தோட்டங்களின் பரப்புக்கு முன்னால் தொழிலாளியின் சேமிப்பு சிறியது.

பிற்பாடு தேசிய நிலச் சட்டத்தில் 214ஏ என்ற பிரிவு சேர்ந்தது. 40 ஹெக்டேருக்குக் குறையாத தோட்டத்தைப் பலருக்குப் பிரித்து விற்க வேண்டுமானால் தோட்ட நில வாரியத்தின் அனுமதி வேண்டும். துண்டாடலுக்கு அது கடிவாளம் போட்டது. முழுத் தோட்டமும் ஒரே மேம்பாட்டு நிறுவனத்துக்குக் கைமாறுவது நிற்கவில்லை.

அப்படி வந்ததுதான் இரண்டாம் அலை. 1980களிலும் 90களிலும் ரப்பர் மரங்கள் சாய்ந்தன. சில இடங்களில் செம்பனை வந்தது. ஊருக்கு அருகில் இருந்த இடங்களில் தாமானும் தொழிற்பேட்டையும் வந்தன. இன்று சுங்கை சிப்புட் வட்டாரத்தில் எல்பில், டோவன்பி, ஹீவுட் என்ற பெயர்களையும், பத்து காஜாவில் கிந்தா கெல்லாஸ் என்ற பெயரையும் தமிழ்ப்பள்ளிகள் சுமந்து நிற்கின்றன. பள்ளியின் பெயர்ப்பலகையில் தோட்டம் இருக்கிறது. லயத்தில் இருந்தவர்கள் ஊர் மாறிப் போய்விட்டார்கள். 1948 ஜூன் 16ஆம் தேதி எல்பில் தோட்டத்தில் நடந்த கொலையும் அதன் பின் வந்த அவசரகாலமும் வரலாற்று நூல்களில் இருக்கின்றன. அந்தத் தோட்டங்களின் லயங்கள் காலியான கதை பெரும்பாலும் வாய்மொழியாகவே இருக்கிறது.

வேலை போனதற்கு ஒரு கணக்கு இருந்தது. 1980ஆம் ஆண்டின் வேலைநீக்க, ஆட்குறைப்பு நன்மைகள் விதிமுறை வந்த பிறகு, ஐந்து ஆண்டுக்கு மேல் உழைத்தவருக்கு ஆண்டுக்கு 20 நாள் சம்பளம் கிடைத்தது. 25 ஆண்டு பால் வெட்டியவருக்கு 500 நாள் சம்பளம். அதே 25 ஆண்டு குடியிருந்த வீட்டுக்கு அந்த விதிமுறையில் ஒரு வரியும் இல்லை. 1990ஆம் ஆண்டின் தொழிலாளர் வீடமைப்புக் குறைந்தபட்சத் தரச் சட்டத்தின் முதன்மைக் கவனமும் வேலையில் இருக்கும் காலத்தில் வீடு எப்படி இருக்க வேண்டும் என்பதுதான்: தண்ணீர், மின்சாரம், வீட்டின் தரம்.

பணம் கைக்கு வரும் நாளும் வீட்டைக் காலி செய்யச் சொல்லும் கடிதமும் பல இடங்களில் ஒன்றாகவே வந்தன. பணத்துக்குக் கையெழுத்துப் போடும்போது இன்ன தேதிக்குள் காலி செய்கிறேன் என்ற தாளிலும் கையெழுத்து வாங்கிக்கொண்டார்கள். படிக்காமல் போட்ட அந்தக் கையெழுத்துதான் பின்னால் வழக்கின் முதல் ஆவணம். போடாமல் நின்றவர்களுக்குத்தான் பேசி வாங்கும் வாய்ப்பு இருந்தது. சுங்கை சிப்புட்டில் டாக்டர் ஜெயக்குமார் தேவராஜும் அலைகள் அமைப்பினரும் தோட்ட மக்களிடம் திரும்பத் திரும்பச் சொன்னது இதுதான்: தனித்தனியாகக் கையெழுத்துப் போடாதீர்கள், செயற்குழு அமைத்து ஒன்றாகப் பேசுங்கள். 2008இல் அந்தத் தொகுதி அவரை நாடாளுமன்றத்துக்கு அனுப்பியபோது, அந்த வாக்குகளுக்குப் பின்னால் இந்த வேலையும் இருந்தது.

எல்லோரும் வென்றுவிடவில்லை. பக்கத்துப் பினாங்கில் கம்போங் புவா பாலா மக்கள், பழைய தோட்டத் தொழிலாளரின் சந்ததியினர், 2009இல் கூட்டரசு நீதிமன்றம் வரை போய்த் தோற்றார்கள். அந்த ஆண்டிலேயே அவர்கள் குடியிருப்பு இடிபட்டது. தலைமுறைகளாக இருந்தோம் என்பது உண்மையாக இருக்கலாம். உரிமையாளர் என்ன வாக்குக் கொடுத்தார், அதை நம்பி நீங்கள் என்ன செலவு செய்தீர்கள் என்று காட்டினால்தான் நீதிமன்றத்தில் அந்த உண்மைக்கு எடை கூடும்.

3. வாடகை வீடு

மூன்றாம் அலையை நாம் அலை என்று உணர்வதில்லை. அது வீடு வீடாக நடப்பதால். தோட்டத்தை விட்டு வந்த குடும்பத்தின் பிள்ளை புந்தோங்கிலோ சிலிபினிலோ மேங்கிளம்புவிலோ ஒரு தரைவீட்டை வாடகைக்கு எடுக்கிறார். இரண்டு மாத முன்பணம், தண்ணீர், மின்சாரத்துக்கு இன்னும் கொஞ்சம். ஒப்பந்தம் சில வீடுகளில் உண்டு, பல வீடுகளில் இல்லை. இருந்தாலும் முத்திரை வரி கட்டியிருக்க மாட்டார்கள். 1949ஆம் ஆண்டு முத்திரைச் சட்டப்படி, வரி கட்டாத ஒப்பந்தத்தை நீதிமன்றம் சாட்சியமாக ஏற்காது. அபராதத்தோடு கட்டிவிட்டுத்தான் வர வேண்டும்.

ஒரு வழக்கைக் கற்பனையாக எடுத்து நடத்திப் பார்ப்போம். மாத வாடகை 600 வெள்ளி. கணவருக்கு லாரி வேலை போய்விட்டது. மூன்று மாத பாக்கி. வீட்டுக்காரரின் வழக்கறிஞரிடமிருந்து முதலில் வருவது பாக்கியைக் கேட்கும் கடிதம். ஏழு நாளோ பதினான்கு நாளோ தவணை. அடுத்தது காலி செய்யச் சொல்லும் நோட்டிஸ். மாதா மாதம் ஓடும் வாடகை என்றால் பொதுவாக ஒரு மாத நோட்டிஸ். ஒப்பந்தம் வேறு காலம் சொன்னால் அந்தக் காலம். நோட்டிஸ் கொடுத்த பிறகும் வாடகையை வாங்கிக்கொண்டால் நோட்டிசை விட்டுக்கொடுத்துவிட்டதாக வாதிட இடமுண்டு. அதனால்தான் அதுவரை வாசலில் வந்து வாங்கிப்போன வீட்டுக்காரர் திடீரென்று வேண்டாம் என்பார். கையில் வாங்காவிட்டால் வங்கியில் போடுங்கள், போட்ட சீட்டை வைத்திருங்கள் என்பேன் என்னிடம் வருபவர்களிடம்.

நோட்டிஸ் காலம் முடிந்தும் வீட்டில் இருந்தால் ஓர் அபாயம் தொடங்குகிறது. 1956ஆம் ஆண்டு சிவில் சட்டம், 28ஆம் பிரிவின் நான்காம் உட்பிரிவு. வாடகைக் காலம் முடிந்தும் வீட்டை விடாதவரிடம் வீட்டுக்காரர் இரட்டை வாடகை கேட்கலாம். 600 வெள்ளி 1,200 ஆகிறது. வழக்கு எட்டு மாதம் இழுத்தால் 9,600 வெள்ளி. கோர்ட்டில் இழுத்தடிக்கலாம் என்று காப்பிக்கடையில் யோசனை சொல்பவர் இந்தக் கணக்கைச் சொல்வதில்லை.

பிறகு ரிட் சமன். வாடகைத் தொகையைப் பொறுத்து மாஜிஸ்திரேட் நீதிமன்றத்திலோ செஷன்ஸ் நீதிமன்றத்திலோ வழக்குப் பதிவாகும். சமன் நேரில் வரும், அல்லது ஏ.ஆர். பதிவுத் தபாலில் வரும். தபால்காரர் சீட்டுப் போட்டுவிட்டுப் போனால் போய் வாங்காமல் இருந்துவிடுவது நம் வீடுகளில் சகஜம். வாங்காவிட்டால் வழக்கு நடக்காது என்று நம்புகிறார்கள். நீதிமன்றம் மாற்றுச் சேவைக்கு அனுமதி கொடுக்கும்; சமனின் நகலை வாசல் கதவில் ஒட்டிவிட்டுப் போவார்கள். ஒட்டிய நாளிலிருந்து கணக்கு ஓடும்.

கணக்கு 14 நாள். அதற்குள் மெமோராண்டம் கெஹாடிரான் என்ற ஒரு படிவத்தை நீதிமன்றத்தில் கொடுக்க வேண்டும். வழக்கில் நான் இருக்கிறேன் என்று சொல்லும் படிவம்; நீளமானதும் இல்லை, கடினமானதும் இல்லை. அதற்கடுத்த 14 நாளில் எதிர்வாதம். கூரை ஒழுகியதைச் சரிசெய்து தராதது, கொடுத்த வாடகைக்கு ரசீது தராதது, முன்பணத்தைக் கழிக்காமல் பாக்கியைக் கூட்டியது எல்லாவற்றையும் அங்கேதான் எழுத வேண்டும். படிவம் கொடுக்காவிட்டால் எதிர்த்தரப்பு ஆஜராகவில்லை என்று தீர்ப்பு வாங்கிவிடுவார்கள். நான் பார்த்த வெளியேற்ற வழக்குகளில் பெரும்பாலானவை வாதத்தில் தோற்கவில்லை. இந்த 14 நாளில் யாரும் நீதிமன்றத்துக்குப் போகாததால் தோற்றன.

தீர்ப்புக்குப் பின் ரிட் பெமிலிக்கான், அதாவது வீட்டை வசப்படுத்தும் ஆணை. பெய்லிஃப் என்ற நீதிமன்ற ஊழியர் வருவார், பூட்டு உடைப்பவர் வருவார், சில நேரம் போலீசும் வரும். பெய்லிஃப் பெரும்பாலும் பொறுமையான ஆள். தாளைப் படித்துக் காட்டுவார், சாமான்களை எடுக்க நேரம் கொடுப்பார். பிள்ளைகள் பள்ளியிலிருந்து வருமுன் முடித்துவிடலாம் என்று அவரே சொன்னதையும் கேட்டிருக்கிறேன். அந்த நேரத்தில் என்னைத் தொலைபேசியில் கூப்பிடுபவர்களுக்கு நான் செய்யக்கூடியது மிகக் குறைவு.

வீட்டை எடுக்காமல் பாக்கியை மட்டும் வசூலிக்க இன்னொரு வழி உண்டு: 1951ஆம் ஆண்டு டிஸ்ட்ரெஸ் சட்டம். வீட்டுக்காரர் தனியாக நீதிமன்றத்துக்குப் போய், எதிர்த்தரப்புக்குச் சொல்லாமலேயே வாரண்ட் வாங்கி, 12 மாதம் வரையிலான பாக்கிக்கு வீட்டுச் சாமான்களைப் பறிமுதல் செய்யலாம். தொலைக்காட்சி, குளிர்பெட்டி, சோபா எல்லாம் பட்டியலில் ஏறும். உடுத்தும் துணிக்கும் படுக்கைக்கும் விலக்கு உண்டு. பறிமுதல் செய்தவுடன் நீதிமன்றத்தில் ஆட்சேபிக்கக் கிடைப்பது சில நாள்களே.

இன்னொரு ஆபத்து வாடகைக்காரருக்கே தெரியாமல் வருவது. வீட்டுக்காரர் வங்கிக் கடனைக் கட்டவில்லை. வீடு லேலோங்குக்கு, அதாவது ஏலத்துக்கு, போய்விட்டது. வாடகைக்காரர் ஒழுங்காக வாடகை கொடுத்தவர். புது உரிமையாளர் வந்து கதவைத் தட்டுகிறார். மூன்று ஆண்டுக்கு மேற்படாத வாடகையைப் பதிவு செய்யத் தேவையில்லை என்கிறது தேசிய நிலச் சட்டம். ஆனால் அந்த வாடகை புதிதாக வாங்கியவரைக் கட்டுப்படுத்த வேண்டுமானால் உரிமைப் பத்திரத்தில் குறிப்பு ஏற்றியிருக்க வேண்டும். குடியிருப்பு வீடுகளில் அப்படி ஏற்றியவரை நான் பார்த்ததே இல்லை என்று சொல்லலாம்.

4. வீட்டுக்காரர்

வீட்டுக்காரர் என்றால் தொப்பை வைத்த வில்லன் என்று நினைத்தால் வழக்கு புரியாது. ஈப்போவில் வாடகைக்கு விடும் பலர் ஓய்வுபெற்ற ஆசிரியர்கள், தாதிமார், ரயில்வே ஊழியர்கள், நம்மவர்களும் நிறைய. சேமநிதிப் பணத்தைப் போட்டு வாங்கிய ஒரே இரண்டாவது வீடு. கடன் தவணை மாதம் தவறாமல் வங்கிக்குப் போக வேண்டும். வாடகைக்காரர் கொடுக்காமல் இருந்தால் வழக்குச் செலவும் அவருடையது, காத்திருக்கும் மாதங்களும் அவருடையவை. கடைசியில் வீடு கைக்கு வரும்போது குழாயும் கதவும் இல்லாமல் இருக்கும்.

ஆத்திரத்தில் அவர் செய்வது பூட்டை மாற்றுவது, மின்சாரத்தைத் துண்டிப்பது, ஆள் வைத்து மிரட்டுவது. அப்போது நியாயம் அவர் கையைவிட்டுப் போகிறது. பாக்கி வைத்த வாடகைக்காரர் அவர் மேல் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போடலாம். அப்படிப் போட்டு வென்றவர்களும் உண்டு. என்னிடம் வரும் வீட்டுக்காரர்களுக்கு நான் சொல்லும் யோசனை கசப்பானது: ஒப்பந்தத்துக்கு முத்திரை வரி கட்டுங்கள், இரண்டாம் மாத பாக்கியிலேயே எழுத்தில் கேளுங்கள், கதவைத் தொடாதீர்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். வெளியேற்றப்பட்ட இந்தியக் குடும்பத்துக்கு அடுத்த வீடு தேடுவது மற்றவர்களைவிடக் கடினம். விளம்பரத்திலேயே இன்ன இனத்தாருக்கு மட்டும் என்று போடுவதும், தொலைபேசியில் பெயரைக் கேட்டதும் வீடு போய்விட்டது என்பதும் இந்த நாட்டில் எல்லோரும் அறிந்தவை. வாடகைக்குத் தரும்போது இனம் பார்ப்பதைத் தடுக்கத் தனிச் சட்டம் இல்லாத இடத்தில், ஒரு வீட்டை இழப்பது என்பது ஒரு வீட்டோடு முடிவதில்லை.

5. இருந்த காப்பும் போன காப்பும்

வாடகைக்காரருக்கு வீட்டையே காத்துத் தந்த சட்டம் ஒன்று நம்மிடம் இருந்தது. 1966ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம். 1948 ஜனவரி 31க்கு முன் கட்டிய கட்டடங்களில் வாடகையை ஏற்றவும் ஆளை இறக்கவும் அது கடுமையான தடை போட்டது. அதனால் வாடகை பல ஆண்டு ஏறாமல் கிடந்தது, வீட்டுக்காரர்கள் பழுதுபார்க்கவில்லை, கடைவீடுகளில் சுவர் விரிசல் விட்டது. 1997இல் அதை நீக்கும் சட்டம் வந்து, இடைக்காலம் முடிந்து 2000 ஜனவரி முதல் நாள் கட்டுப்பாடு முழுதும் போனது. பினாங்கின் ஜார்ஜ் டவுனில் அதன் விளைவு பெரிய செய்தியானது. பழைய கடைவீடுகள் நிறைந்த ஈப்போவும் அந்த மாற்றத்துக்குள் வந்ததுதான்.

கட்டுப்பாட்டுச் சட்டத்தில் குறை இருந்தது உண்மை. அதை எடுத்துவிட்டு அந்த இடத்தில் எதையும் வைக்காதது அதைவிடப் பெரிய குறை. கோவிட் காலத்தில் அது வெளிப்பட்டது. 2020ஆம் ஆண்டு கோவிட் தற்காலிக நடவடிக்கைச் சட்டம், ஒப்பந்தத்தை நிறைவேற்ற முடியாதவர்களுக்குக் காப்புக் கொடுத்தது. அதன் பட்டியலில் குடியிருப்பு அல்லாத இடங்களின் வாடகை இருந்தது. குடியிருப்பு வீட்டின் வாடகை இல்லை. கடைக்காரர் காப்புக் கேட்கலாம், வீட்டில் இருந்தவர் கேட்க முடியாது. அந்த ஆண்டு மார்ச் 18 முதல் ஆகஸ்ட் 31 வரையிலான பாக்கிக்கு டிஸ்ட்ரெஸ் வாரண்ட் இல்லை என்ற சிறு நிவாரணம் மட்டும் அதே சட்டத்தில் வந்தது.

குடியிருப்பு வாடகைக்கென்று தனிச் சட்டம் கொண்டுவரும் பேச்சு வீடமைப்பு, ஊராட்சித் துறை அமைச்சில் பல ஆண்டுகளாக நடந்துவருகிறது. அந்தப் பேச்சு நடக்கும்போது நாம் இரண்டு முன்மாதிரிகளைக் கையில் வைத்திருக்க வேண்டும்.

ஒன்று தமிழ்நாடு. அங்கே 1960ஆம் ஆண்டின் பழைய வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்துக்குப் பதிலாக 2017ஆம் ஆண்டுச் சட்டம் 2019இல் நடைமுறைக்கு வந்தது. வாடகை ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், வாடகை அதிகாரியிடம் பதிவாக வேண்டும். தகராறுக்கு வாடகை நீதிமன்றமும் தீர்ப்பாயமும் தனியாக உண்டு. வாடகை உச்சவரம்பைக் கைவிட்டாலும், தகராறு தீர்க்கும் இடத்தை அந்தச் சட்டம் அமைத்துக் கொடுத்திருக்கிறது. நம் நாட்டில் வீடு வாங்குபவருக்குத் தீர்ப்பாயம் உண்டு, வாடகைக்கு இருப்பவருக்கு இல்லை.

இன்னொன்று இங்கிலாந்து. வேலையோடு வந்த வீடு வேலையோடு போகும் என்ற கொள்கை அந்த நாட்டுப் பொதுச்சட்டத்திலிருந்துதான் நம் தோட்டங்களுக்கு வந்தது. தன் பண்ணைத் தொழிலாளருக்கு அது அநியாயம் என்று கண்ட இங்கிலாந்து, 1976இல் விவசாய வாடகைச் சட்டம் இயற்றியது. பண்ணை வீட்டில் இருந்த தொழிலாளி வேலை போனாலும் ஓய்வு பெற்றாலும் உடனே வெளியேற வேண்டியதில்லை என்று ஆனது. அந்த ஆண்டுகளில் நம் தோட்டங்களில் நூறாயிரக்கணக்கானோர் லயங்களில் இருந்தார்கள். கொள்கையை இறக்குமதி செய்த நாம், அதன் திருத்தத்தை இறக்குமதி செய்யவில்லை.

6. செய்ய வேண்டியவை

சட்டம் மாறும்வரை முறை ஒன்றுதான் கையில் இருக்கும் காப்பு. அதனால் அதைச் சொல்லிக்கொடுப்பதை நாம் சமுதாயப் பணியாக எடுத்துக்கொள்ள வேண்டும். பள்ளிப் பெற்றோர் ஆசிரியர் சங்கமும் கோயில் நிர்வாகமும் மாதம் ஒரு மாலை ஒரு மேசை போட்டால் போதும். வாடகை ஒப்பந்தத்தைப் படித்துச் சொல்ல, முத்திரை வரி கட்டும் வழி காட்ட, சமன் வந்தவரை மறுநாளே நீதிமன்றத்துக்கு அழைத்துப்போக ஒருவர் வேண்டும். பேராக் வழக்கறிஞர் கழகத்தின் சட்ட உதவி மையம் ஈப்போவில் இருக்கிறது. அரசாங்கத்தின் சட்ட உதவித் துறையும் இருக்கிறது. வருமானத் தகுதி உண்டா, வழக்கு அவர்கள் வரம்புக்குள் வருமா என்று போய்க் கேட்க வேண்டும். முன்பணத்தைத் திருப்பித் தராத தகராறு 5,000 வெள்ளிக்குள் இருந்தால் சிறு வழக்கு முறையில் வழக்கறிஞர் இல்லாமலே நடத்தலாம்.

இன்னும் தோட்ட வீட்டில் இருப்பவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. பேராக்கில் செம்பனைத் தோட்டங்களிலும் பழைய லயங்களிலும் ஓய்வுபெற்றவர்கள் இன்றும் இருக்கிறார்கள். நிர்வாகம் வாயால் சொன்னதைக் கடிதமாகக் கேளுங்கள். தர மறுத்தால், இன்ன தேதியில் இன்னார் இப்படிச் சொன்னார் என்று நீங்களே கடிதம் எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். தாழ்வாரம் போட்ட செலவுச் சீட்டு, மின்சாரப் பில், கோயில் திருவிழா அழைப்பிதழ், பிள்ளையின் பள்ளிச் சான்றிதழில் உள்ள முகவரி எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டு வையுங்கள். பொஹாரி வழக்கின் 1991ஆம் ஆண்டுத் தீர்ப்பு உங்களுக்குத் திறந்துவைத்த கதவுக்குள் போக, அந்தப் பைதான் வேண்டும்.

சட்டம் இயற்றுபவர்களிடம் நாம் கேட்க வேண்டியவை மூன்று. குடியிருப்பு வாடகைச் சட்டம் வரும்போது, முதலாளி கொடுத்த வீட்டில் இருப்பவர்களும் அதற்குள் வர வேண்டும். வாடகை கொடுக்காதவர் என்று சொல்லி அவர்களை மீண்டும் வெளியே நிறுத்தக் கூடாது. வெளியேறும் தேதி குறிக்கும் முன், குழந்தையோ முதியவரோ நோயாளியோ இருந்தால், சமூக நலத்துறைக்கும் ஊராட்சி மன்றத்துக்கும் தகவல் போயிற்றா என்று நீதிமன்றம் கேட்க வேண்டும். மாதம் 124 வெள்ளி வாடகையில் மக்கள் வீடமைப்புத் திட்ட வீடுகள் இருக்கும் நாட்டில் இது அதிகப்படியான கோரிக்கை ஆகாது. மூன்றாவது, இனம் பார்த்து வாடகை மறுப்பது குற்றமாக வேண்டும்.

இந்தக் கோரிக்கைகளைத் தூக்கிக்கொண்டு போக நம்மிடம் ஆள் இருக்கிறார்கள். இந்த அரங்கில் இருக்கும் இளம் வழக்கறிஞர்கள் ஆண்டுக்கு இரண்டு வெளியேற்ற வழக்குகளைக் கட்டணமின்றி எடுத்தால், பேராக்கில் சமனுக்குப் பதில் கொடுக்காமல் தோற்கும் குடும்பங்களின் எண்ணிக்கை கண்கூடாகக் குறையும். இந்த அறக்கட்டளையை நிறுவிய குடும்பத்தாரிடமும் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். அடுத்த ஆண்டிலிருந்து இந்தச் சொற்பொழிவுக்கு ஒதுக்கும் தொகையில் ஒரு பகுதியை அந்த மாதாந்திர மேசைக்கு ஒதுக்குங்கள். முதல் மேசையில் உட்கார நான் பெயர் கொடுத்துவிட்டேன்.